தந்தையின் நாகசுர ஒலிநாடாக்கள் கைப்பேசியில் மங்கலாக ஒலிக்கின்றன: குறை கோடெக்கிலா, கோப்பிலா?

குடந்தை மல்லாரி (கேள்வி)

அனைவருக்கும் வணக்கம். என் தந்தையார் 1979 முதல் 1991 வரை எங்கள் ஊர்க் கோயில் திருவிழாக்களில் நடந்த நாகசுரக் கச்சேரிகளை ஒலிநாடாவில் பதிந்து வைத்திருந்தார். மேடைக்கு எதிரே இரண்டு மைக்குகளை நிறுத்தி, திண்ணையில் அமர்ந்து, ஒரு டேப் ரெக்கார்டரைக் கொண்டு அவரே பதிந்தவை அவை. அறுபது நிமிட நாடாக்களாக மொத்தம் 24 இருக்கின்றன. அவர் காலமான பிறகு, சென்ற ஆண்டு அவற்றில் ஆறு நாடாக்களை ஒரு கடையில் கொடுத்து எம்பி3 கோப்புகளாக மாற்றி வாங்கினோம். எல்லாக் கோப்புகளும் 128 கிலோபிட் வீதத்தில் உள்ளன.

அவற்றை ஆண்ட்ராய்டு கைப்பேசியில் ஏற்றி, புளூடூத் இயர்போனில் கேட்கிறேன். பாட்டி வீட்டுக் கூடத்தில் அந்த டேப் ரெக்கார்டரிலேயே இவற்றைக் கேட்டு வளர்ந்தவள் என்பதால், எது போயிற்று என்று எனக்கு நன்றாகத் தெரிகிறது. தவிலில் வலந்தலைச் (வலப்பக்கத் தோல்) சொற்கள் தனித்தனியாக விழவில்லை. விரைவாகத் தீர்மானம் வாசிக்கும் இடங்களில் ஒவ்வோர் அடிக்கும் சற்று முன்னால் மணலைத் தேய்ப்பது போன்ற ஒரு மெல்லிய ஒலி வருகிறது. தவிலின் இடப்பக்கமான தொப்பியின் கும்மென்ற அதிர்வு ஏறக்குறைய இல்லை. கைத்தாளத்தின் மணியோசை, தகரத்தைத் தட்டியது போல் கம்மிப்போய்க் கேட்கிறது. நாகசுரம் மட்டும் ஓரளவு பிழைத்திருக்கிறது.

கோப்புகளை ஃபிளாக் வடிவத்துக்கு மாற்றி, எல்டாக் என்னும் புளூடூத் கோடெக் உள்ள புதிய இயர்போன் ஒன்றை வாங்கினால் எல்லாம் சரியாகிவிடும் என்கிறான் தம்பி. கைப்பேசியின் புளூடூத் அமைப்பில் இப்போது "எஸ்பிசி" என்று காட்டுகிறது. பணம் செலவழிப்பதற்கு முன் இந்தக் கோடெக் என்பது என்ன, அது எங்கே எதைச் செய்கிறது என்பதைப் புரிந்துகொள்ள விரும்புகிறேன். இன்னும் 18 நாடாக்கள் மாற்றப்படாமல் இருக்கின்றன. அவற்றிலாவது தவறு நேரக் கூடாது. விவரம் அறிந்தவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.

அலைமாதிரி

வணக்கம் அம்மா. நீங்கள் சொன்ன மூன்று குறைகளும் மூன்று வெவ்வேறு இடங்களில் பிறந்தவை என்று நினைக்கிறேன். அதனால் ஒரே பொருளை வாங்கி மூன்றையும் தீர்க்க முடியாது. முதலில் உங்கள் அடிப்படைக் கேள்விக்கு வருகிறேன்.

கோடெக் என்பது ஒலியை எண்களாகச் சுருக்கி எழுதுவதற்கும், எழுதியதை மீண்டும் விரித்துப் படிப்பதற்குமான ஒரு முறை. குறுந்தட்டில் ஒலி நொடிக்கு 44,100 முறை அளக்கப்பட்டு, ஒவ்வோர் அளவும் (இதை மாதிரி என்பர்) 16 பிட்டுகளில் எழுதப்படுகிறது. இரண்டு தடங்களுக்கும் சேர்த்து நொடிக்கு 1,411 கிலோபிட் ஆகிறது. ஃபிளாக் போன்ற இழப்பில்லாச் சுருக்கங்கள் இதைப் பாதியளவுக்குச் சுருக்கினாலும், விரிக்கும்போது ஒரு பிட் கூட மாறாமல் திருப்பித் தருகின்றன. எம்பி3, ஏஏசி, ஓபஸ் போன்றவை வேறு வழியில் செல்கின்றன. ஓங்கி ஒலிக்கும் ஓசை தன்னை அடுத்துள்ள மெல்லிய ஓசையை நம் காதிலிருந்து மறைத்துவிடுகிறது என்ற உண்மையைப் பயன்படுத்தி, கேட்காது என்று கணித்தவற்றை அவை எறிந்துவிடுகின்றன. உங்கள் கோப்பில் 1,411இல் எஞ்சியிருப்பது 128 மட்டுமே, அதாவது ஏறத்தாழப் பதினொன்றில் ஒரு பங்கு.

எறிந்தது எறிந்ததுதான். எம்பி3 கோப்பை ஃபிளாக்காக மாற்றினால், எஞ்சிய அந்தப் பங்கு இழப்பில்லாமல் பாதுகாக்கப்படும். போனது திரும்பி வராது. கோப்பின் அளவு மட்டும் பல மடங்கு பெருகும். தம்பியிடம் இதைப் பக்குவமாகச் சொல்லிவிடுங்கள், ஏனெனில் பலர் இந்தத் தவறைச் செய்துவிட்டு, மூல எம்பி3 கோப்பையும் அழித்துவிட்டு, தம்மிடம் இருப்பது உயர்தரக் கோப்பு என்று நம்பிக்கொண்டிருக்கிறார்கள்.

இப்போது வலந்தலைக்கு வருவோம். நீங்கள் "ஒவ்வோர் அடிக்கும் சற்று முன்னால்" என்று எழுதியிருப்பதைப் படித்ததும் எனக்குச் சந்தேகமே இல்லாமல் போயிற்று. அதற்கு முன்னெதிரொலி என்று பெயர். எம்பி3 ஒலியை 576 மாதிரிகள் கொண்ட துண்டுகளாக எடுத்துக் கையாளுகிறது; நொடிக்கு 44,100 என்ற கணக்கில் ஒரு துண்டு ஏறத்தாழ 13 மில்லிநொடி. சுருக்குவதால் உண்டாகும் பிழை, அந்தத் துண்டு முழுவதும் சமமாகப் பரவிவிடும். நாகசுரத்தின் நீண்ட கார்வையில் இது தெரியாது, ஏனெனில் ஒலி துண்டின் தொடக்கத்திலிருந்து முடிவு வரை ஒரே சீராக இருக்கிறது. ஆனால் விரலில் கெட்டியான கூடு மாட்டி வலந்தலையில் அடிக்கும் அடி, முழு அமைதியிலிருந்து ஒரே கணத்தில் உச்சத்துக்கு எழுவது. அடி துண்டின் நடுவில் விழுந்தால், அதற்கு முன்னுள்ள அமைதியின் மேலும் அந்தப் பிழை பூசப்பட்டுவிடுகிறது. ஓர் ஓங்கிய ஒலிக்குப் பின்னால் வரும் மெல்லிய ஓசையைக் காது நூறு மில்லிநொடிக்கும் மேலாகக் கூட உணராமல் விட்டுவிடும். முன்னால் வருவதையோ சில மில்லிநொடிகள் அளவுக்குத்தான் மறைக்கும். அதனால்தான் உங்களுக்கு மணல் தேய்வது கேட்கிறது. இத்தகைய இடங்களில் மூன்றில் ஒரு பங்கு நீளமுள்ள குறுந்துண்டுகளுக்கு மாறும் வசதி எம்பி3யில் உண்டு. ஆனால் அதற்குக் கூடுதல் பிட்டுகள் வேண்டும், 128இல் அவை கையிருப்பில் இல்லை.

இதோடு இன்னொன்றும் சேர்கிறது. ஒலிநாடாவின் "ஸ்ஸ்" என்ற இரைச்சலும், கோயில் பிராகாரத்தின் கூட்டச் சலசலப்பும் எந்த ஒழுங்கும் இல்லாதவை. ஒழுங்கில்லாத ஒலியைச் சுருக்குவதுதான் கோடெக்குக்கு மிகக் கடினம். இருக்கும் பிட்டுகளில் பெரும்பகுதியை இரைச்சலே தின்றுவிட, தவிலுக்கு மிச்சம்தான் கிடைக்கிறது. கலையரங்கில் தூய்மையாகப் பதிந்த இசைக்கு 128 ஒருவாறு போதலாம்; உங்கள் தந்தையின் பதிவுகளுக்குப் போதாது.

கைத்தாளம் கம்மிப்போனதற்கும் ஒரு பகுதிக் காரணம் இதுவே. 128 கிலோபிட்டில் எம்பி3 பொதுவாக 16 கிலோஹெர்ட்ஸ் அளவுக்கு மேலுள்ள அனைத்தையும் வெட்டிவிடும். கணினி இருந்தால் ஆடாசிட்டி மென்பொருளில் கோப்பைத் திறந்து நிறமாலைக் காட்சியைப் பாருங்கள். கத்தியால் அறுத்தது போல் ஒரு நேர்கோடு மேலே தெரியும். ஆனால் கைத்தாளத்துக்கு இது முழுக் காரணமாக இருக்க முடியாது, ஏனெனில் அதன் மணியோசையின் பெரும்பகுதி அந்தக் கோட்டுக்குக் கீழேயே இருக்கிறது. நாடாவை ஓட்டிய விதத்தை அறிந்தவர்கள்தான் இதைச் சொல்ல வேண்டும்.

தென்றல்72

மேலே சொன்னவை சரியாக இருக்கலாம். ஆனாலும் எஸ்பிசியில் கேட்டுக்கொண்டு தரத்தைப் பற்றிப் பேசுவது பொருளற்றது என்பது என் கருத்து. எல்டாக்கை 990 கிலோபிட்டில் வைத்து நான் முதன்முதலாகக் கேட்ட நாளில், பல ஆண்டுகளாகக் கேட்ட பாடல்களே புதிதாகத் தோன்றின. ஆண்ட்ராய்டு 8 முதல் அதற்கான குறிமாற்றி ஆண்ட்ராய்டின் மூல நிரலிலேயே இருக்கிறது. சகோதரியார் இயர்போனை மாற்றுவதே முதல் வேலை என்று சொல்வேன்.

அலைமாதிரி

தென்றல் அவர்களுக்கு: உங்கள் அனுபவத்தை நான் மறுக்கவில்லை. ஆனால் புதிய இயர்போனில் மாறியது கோடெக் மட்டுமா என்று எண்ணிப் பாருங்கள். உள்ளே இருக்கும் ஒலிபெருக்கி, காதில் பொருந்தும் விதம், ஒலியளவு ஆகிய மூன்றுமே மாறியிருக்கும்.

புளூடூத்தில் நடப்பது இதுதான். கைப்பேசி எம்பி3 கோப்பை முழுவதும் விரித்து, அறிவிப்பு ஒலிகள் போன்றவற்றோடு கலந்து, அதன் பிறகு காற்றில் அனுப்புவதற்காக இரண்டாவது முறை சுருக்குகிறது. அந்த இரண்டாவது சுருக்கத்துக்கான கோடெக்கின் பெயரைத்தான் உங்கள் திரை காட்டுகிறது. கைப்பேசி, இயர்போன் இரண்டிலும் எது பொதுவாக உள்ளதோ அதுவே அமையும். எஸ்பிசி எல்லாவற்றிலும் கட்டாயமாக இருக்க வேண்டும் என்பது விதி. எஸ்பிசி அதன் வழக்கமான உயர்தர அமைப்பில் 328 கிலோபிட் வரை செல்லும். ஆப்டெக்ஸ் 352, ஆப்டெக்ஸ் எச்டி 576. சோனி 2015இல் கொண்டுவந்த எல்டாக் 330, 660, 990 என மூன்று படிகளில் இயங்கும். ஐபோன்கள் ஏஏசியைப் பயன்படுத்துகின்றன. ஆண்ட்ராய்டில் ஏஏசியின் தரம் கைப்பேசிக்குக் கைப்பேசி வேறுபடுகிறது.

இங்கே எல்டாக்கின் கீழ்ப்படியைக் கவனியுங்கள். 330 என்பது எஸ்பிசியின் 328இலிருந்து பெயரளவில்தான் வேறு. பேருந்து நிலையம், அடுக்குமாடிக் குடியிருப்பு போன்று 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் வைஃபை நெரிசல் உள்ள இடங்களில், கைப்பேசி தானாகவே கீழ்ப்படிக்கு இறங்கிவிடும்; திரையில் "எல்டாக்" என்ற பெயர் மட்டும் மாறாமல் நிற்கும். 990இலேயே பிடித்து வைத்தால் ஒலி விட்டு விட்டு வரும்.

அம்மா, காவிரிப் பாசனம் அறிந்த ஊர்க்காரர் என்பதால் இப்படிச் சொல்கிறேன்: தலைமடையிலேயே 128 அளவுக்குத்தான் தண்ணீர் திறந்திருக்கிறது. கடைமடை வாய்க்காலை 328லிருந்து 990 ஆக அகலப்படுத்துவதால் வயலுக்கு வரும் தண்ணீர் கூடாது. இரண்டாவது சுருக்கமும் தன் பங்குக்குச் சிறிது சேதம் செய்கிறது என்பது உண்மை; முன்னெதிரொலி உள்ள கோப்பை மறுபடி சுருக்குவது நல்லதன்று. ஆனால் உங்கள் பட்டியலில் அது மூன்றாவதாகவோ நான்காவதாகவோ வர வேண்டிய கவலை.

தென்றல் அவர்கள் விரும்பினால் ஒன்று செய்து பார்க்கலாம். அமைப்புகளில் பில்ட் எண்ணை ஏழு முறை தட்டினால் டெவலப்பர் விருப்பங்கள் திறக்கும். அங்கே புளூடூத் ஒலிக் கோடெக்கை மாற்ற முடியும். அதே இயர்போனில், அதே ஒலியளவில், வீட்டில் உள்ள ஒருவரை மாற்றச் சொல்லி, எது எது என்று பார்க்காமல் பத்து முறை கூறுங்கள். வெறும் ஊகத்தில் பத்துக்கு ஒன்பது சரியாவது நூற்றில் ஒரு முறைதான் நேரும் என்பதால், ஒன்பது சரியாக வந்தால் வேறுபாடு உண்மையானது. ஒலியளவைச் சமமாக வைப்பதில் மிகுந்த கவனம் வேண்டும், ஏனெனில் சற்றே ஓங்கி ஒலிப்பதைத் தரம் கூடியதாகவே நம் காது எடுத்துக்கொள்ளும்.

செவிப்பறை

தொப்பியின் அதிர்வு காணாமல் போனதைப் பற்றி யாரும் சொல்லவில்லை. அது கோடெக்கின் குற்றமே அன்று. எந்தக் கோடெக்கும் கீழ்ச் சுரங்களை முதலில் கைவிடுவதில்லை. காதுக்குள் நுழையும் இயர்போன் காற்றுப் புகாமல் அடைத்துக்கொண்டால்தான் தாழ்ந்த அதிர்வுகள் செவிக்குள் நிற்கும். ஒரு சிறிய கசிவு இருந்தாலும் அவை முதலில் வெளியேறிவிடும், உயர்ந்த சுரங்கள் மட்டும் நிற்கும். பெட்டியில் கொடுத்த மூன்று அளவு ரப்பர் முனைகளில், ஏற்கெனவே மாட்டியிருந்த நடுத்தர அளவையே பலரும் பயன்படுத்துகிறார்கள். இரண்டு காதுகளுக்கும் இரண்டு வேறு அளவுகள் தேவைப்படுவதும் உண்டு. தொப்பி நன்றாக ஒலிக்கும் ஓர் இடத்தை ஓடவிட்டு, இயர்போனை விரலால் மெல்ல உள்நோக்கி அழுத்திப் பாருங்கள். அதிர்வு உடனே எழுந்தால் முனையை மாற்றுங்கள். செலவு ஒன்றும் இல்லை.

கைப்பேசியில் ஒலியை மேம்படுத்துவதாகச் சொல்லும் விளைவுகள் எவையேனும் இயங்கினால் அணைத்துவிடுங்கள். ஈக்வலைசரைப் பயன்படுத்தத்தான் வேண்டுமென்றால், வேண்டிய பகுதியை உயர்த்தாமல் வேண்டாத பகுதியைத் தாழ்த்துங்கள். உயர்த்தினால் தவிலடியின் உச்சங்கள் எல்லையை முட்டி உடைந்துபோகும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும், சகோதரி. போன ஒலியைத் தேடும்போது எல்லாரும் ஒலியளவைக் கூட்டிக்கொண்டே போகிறோம். 80 டெசிபலில் வாரத்துக்கு 40 மணி நேரம் கேட்கலாம் என்கிறது உலகச் சுகாதார நிறுவனம். 90 டெசிபலானால் 4 மணி நேரம்தான். தந்தையின் 24 நாடாக்களையும் கேட்டு முடிக்க உங்களுக்குச் செவி நெடுநாள் வேண்டும்.

குடந்தை மல்லாரி

அனைவருக்கும் மனமார்ந்த நன்றி. நேற்று மாலை நீங்கள் சொன்னவற்றை ஒவ்வொன்றாகச் செய்து பார்த்தேன்.

செவிப்பறை அவர்கள் சொன்னபடி, 1984ஆம் ஆண்டு வைகாசித் திருவிழாவில் சுவாமி புறப்பாட்டுக்கு வாசித்த கம்பீரநாட்டை மல்லாரியை ஓடவிட்டு, இடது காதில் அழுத்திப் பார்த்தேன். தொப்பி எழுந்து வந்தது. கூடத்துத் தரையில் அமர்ந்திருக்கும்போது முதுகில் உணர்வோமே, அதே அதிர்வு. இடது காதுக்குப் பெரிய முனையும் வலது காதுக்கு நடுத்தர முனையும் மாட்டிக்கொண்டேன்.

பக்கத்து வீட்டுப் பிள்ளையின் கம்பி இயர்போனைக் கடன் வாங்கி எம்பி3 கோப்பைக் கேட்டேன். மணல் தேயும் ஒலி அதிலும் அப்படியே இருக்கிறது. ஆகவே அது கோப்பிலேயே உள்ளது என்று உறுதியாகிவிட்டது. ஆடாசிட்டியில் அந்த நேர்கோட்டையும் பார்த்தேன்.

இரண்டு ஐயங்கள் உள்ளன. ஒரே ஒரு நாடாவில், மல்லாரி தொடங்குவதற்கு இரண்டு நொடி முன்பே அதன் முதல் பிடி மிக மெல்லிதாக, தொலைவிலிருந்து கேட்பது போல் ஒலிக்கிறது. இதுவும் முன்னெதிரொலிதானா? அடுத்தது, சிங்கப்பூரில் இருக்கும் அண்ணனுக்கு வாட்ஸ்அப் அழைப்பில் இதைப் போட்டுக் காட்டினேன். சுருதிக்கு ஊதும் ஒத்து முழுவதும் மறைந்து, நாகசுரம் விட்டு விட்டுக் கேட்டதாகச் சொன்னார். ஏன் இப்படி?

அலைமாதிரி

அழைப்பைப் பற்றி மட்டும் நான் சொல்கிறேன்; நாடாவைப் பற்றி அடுத்து எழுதப்போகிறவர் என்னைவிட நன்கு அறிந்தவர். அழைப்புகளுக்கான ஒலிப்பாதை பேச்சுக்காகவே அமைக்கப்பட்டது. மின்விசிறி, வண்டி ஓசை போன்று மாறாமல் தொடரும் ஒலிகளைத் தேவையற்ற இரைச்சல் என்று கருதி அது நீக்கிவிடும். ஒத்தும் மாறாமல் தொடரும் ஒரே சுரம் என்பதால், மின்விசிறிக்கு நேர்ந்ததே அதற்கும் நேர்ந்தது. மேலும், புளூடூத் இயர்போனின் மைக் இயங்கத் தொடங்கிய உடனே, இசைக்கான பாதை மூடப்பட்டு அழைப்புக்கான பாதை திறக்கும். பெரும்பாலான இயர்போன்களில் அது நொடிக்கு 8,000 அல்லது 16,000 மாதிரிகள் மட்டுமே கொண்ட ஒற்றைத் தடம்; அதாவது 4 அல்லது 8 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் எதுவும் இராது. குரல் பதிவாக அனுப்புவதும் ஏறக்குறைய இதே கதிதான். அண்ணனுக்கு அந்தக் கோப்பையே ஆவணமாக இணைத்து அனுப்புங்கள். அப்போது ஒரு பிட்டும் மாறாது.

நாடாப்பெட்டி

வணக்கம் தாயே. முப்பது ஆண்டுகளாக ஒலிநாடாக்களோடு வாழ்பவன் என்பதால் சற்று விரிவாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இரண்டு நொடி முன்பே கேட்பது எம்பி3யின் முன்னெதிரொலி அன்று. அது மில்லிநொடிக் கணக்கில் நடப்பது. இது நாடாவின் பதிவொற்று. சுற்றிய நாடாவில் ஒரு சுற்றின் மேல் அடுத்த சுற்று படிந்திருப்பதால், ஓங்கிய ஒலியின் காந்தம் நாற்பது ஆண்டுகளில் அடுத்த சுற்றிலும் சிறிது ஒட்டிக்கொள்கிறது. நாடா நொடிக்கு 4.76 சென்டிமீட்டர் ஓடுகிறது. ஒரு சுற்றின் நீளம், உள்ளேயா வெளியேயா என்பதைப் பொறுத்து ஏழு முதல் பதினாறு சென்டிமீட்டர். கணக்கிட்டால் ஒன்றரை முதல் மூன்று நொடிக்கும் சற்று மேல் வரும். உங்கள் இரண்டு நொடி அதற்குள் பொருந்துகிறது. அமைதிக்குப் பின் மல்லாரி எழுவதால்தான் அங்கே தெரிகிறது. கோப்பாகப் பிடிப்பதற்கு முன் நாடாவை முழுவதும் முன்னும் பின்னும் ஒருமுறை ஓடவிட்டால் இது ஓரளவு குறையும். எஞ்சியதை விட்டுவிடுங்கள். அதை நீக்கப் புகுந்தால் நாகசுரத்தின் ஊதுமூச்சும் சேர்ந்து போய்விடும்.

கைத்தாளத்துக்கு வருகிறேன். நாடாவைப் படிக்கும் தலையில் ஒரு மெல்லிய பிளவு உண்டு. பதிந்த கருவியில் அந்தப் பிளவு எந்தச் சாய்வில் இருந்ததோ, அதே சாய்வில் படிக்கும் கருவியிலும் இருந்தால்தான் உயர்ந்த சுரங்கள் முழுமையாக வரும். ஒரு பாகையின் சிறு பகுதி விலகினாலும் மணியோசை மங்கிவிடும். கடைக்காரரின் கருவி ஒரு சாய்விலும் உங்கள் தந்தையின் கருவி வேறொரு சாய்விலும் இருந்திருக்கலாம். பலர் இதைச் சரிபார்ப்பதில்லை. தலைக்குப் பக்கத்தில் ஒரு சிறு திருகாணி இருக்கும், அதற்கடியில் ஒரு சுருள்வில் தெரியும். கைத்தாளம் தெளிவாக ஒலிக்கும் இடத்தை ஓடவிட்டு, இரு தடங்களையும் ஒன்றாகக் கலந்து ஒற்றைத் தடமாக்கிக் கேட்டபடியே, சிறிய திருப்புளியால் கால் சுற்றுக்கும் குறைவாக இப்புறமும் அப்புறமும் மெல்லத் திருப்புங்கள். ஓர் இடத்தில் மணியோசை சட்டென்று மலரும். அங்கே நிறுத்துங்கள். ஒவ்வொரு நாடாவுக்கும், ஏன் ஒவ்வொரு பக்கத்துக்குமே, இதைச் சரிபார்க்க வேண்டும்.

ஆனால் உங்களுக்கு இதைவிடச் சுருக்கமான வழி இருக்கக்கூடும். தந்தையார் பதிந்த அந்த டேப் ரெக்கார்டர் இன்னும் இருக்கிறதா? இருந்தால், யாரும் அதன் திருகாணியைத் தொடாதிருந்தால், இந்த நாடாக்களுக்கு உலகத்திலேயே மிகப் பொருத்தமான கருவி அதுதான். உள்ளே உள்ள ரப்பர் பட்டை இற்றுப்போயிருக்கும், மாற்றிவிடலாம். தலையைப் பஞ்சுக்குச்சியில் ஐசோபுரோபைல் ஆல்கஹால் தொட்டுத் துடைத்து, நன்றாக உலர விட்ட பிறகு நாடாவைப் போடுங்கள்.

கைப்பேசியிலேயே பிடிக்க முடியும், ஆனால் ஹெட்போன் துளை வழியாக வேண்டாம். அந்தத் துளையில் உள்ளே செல்வது மைக்குக்கான ஒற்றைத் தடம் மட்டுமே; தந்தையார் இரண்டு மைக்குகள் வைத்துப் பதிந்தது வீணாகும். யுஎஸ்பி வழியாக இணையும் இருதட ஒலி இடைமுகம் ஒன்றை வாங்குங்கள். இயர்போனுக்கு ஒதுக்கிய தொகையை இதற்குச் செலவிடலாம். டேப் ரெக்கார்டரின் லைன் அவுட்டிலிருந்து இடைமுகத்துக்கும், அங்கிருந்து கைப்பேசிக்கோ கணினிக்கோ இணையுங்கள். பதியும் செயலியில் ஒலியளவைத் தானாகச் சரிசெய்யும் வசதியை அணைத்துவிட்டு, 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், வேவ் வடிவம் என்று தேர்ந்தெடுங்கள். தவிலின் மிக ஓங்கிய அடியும் உச்சவரம்புக்கு 6 டெசிபல் கீழேயே நிற்குமாறு அளவை வையுங்கள்.

ஒரு மணி நேரத்துக்கு ஒரு கிகாபைட்டுக்குச் சற்று மேல் ஆகும். 24 நாடாக்களுக்கும் 25 கிகாபைட் போதும். இன்றைய சேமிப்பில் இது பெரிதன்று. பிறகு ஃபிளாக்காக மாற்றி இரண்டு தனித்தனி இடங்களில் வையுங்கள். இரைச்சல் மிகுந்த நாடா என்பதால் ஃபிளாக்கில் அளவு பாதியாகக் குறையாது. அதற்காக வருந்த வேண்டாம். கைப்பேசியில் கேட்பதற்கென அந்தப் ஃபிளாக்கிலிருந்து 256 கிலோபிட் ஏஏசி கோப்புகளைத் தனியாக எடுத்துக்கொள்ளுங்கள்.

இரைச்சல் நீக்கும் மென்பொருளை மூலக் கோப்பின் மேல் ஒருபோதும் ஓட்டாதீர்கள். இதை மன்றாடிக் கேட்டுக்கொள்கிறேன். நாடாவின் "ஸ்ஸ்" என்ற ஒலியும், நாகசுரத்தின் ஊதுவாயான சீவாளியில் மூச்சுப் படும் ஒலியும் ஒரே உயரத்தில் கலந்திருக்கின்றன. இரைச்சலை அகற்றியதாக மகிழ்ந்தவர்கள் கொண்டுவந்த கோப்புகளில், நாகசுரம் நீருக்கடியில் வாசித்தது போல் கேட்டிருக்கிறேன். நாளை இதைவிடச் சிறந்த முறைகள் வரும். அப்போது கைவைக்க, தொடப்படாத மூலம் இருக்க வேண்டும்.

கடையில் கொடுத்த ஆறு நாடாக்களையும் மறுபடி பிடியுங்கள். நாடா உங்களிடம் இருக்கும்வரை எதுவும் முழுதாகப் போய்விடவில்லை.

தென்றல்72

அலைமாதிரி அவர்கள் சொன்னபடி என் மனைவியை மாற்றச் சொல்லிப் பத்து முறை கேட்டேன். ஆறு சரியாக வந்தது. அதே இயர்போனில் எஸ்பிசிக்கும் எல்டாக்குக்கும் நான் உணர்ந்ததாக எண்ணிய வேறுபாட்டை உறுதிசெய்ய முடியவில்லை என்பதை இங்கே பதிவு செய்கிறேன். சகோதரியார் இயர்போன் வாங்க வேண்டாம்; இடைமுகத்தையே வாங்கட்டும்.

குடந்தை மல்லாரி

மூன்று வாரங்களுக்குப் பிறகு எழுதுகிறேன். டேப் ரெக்கார்டர் பாட்டி வீட்டுப் பரணில், வேட்டித் துணி சுற்றி வைக்கப்பட்டிருந்தது. பட்டை குழைந்து தாரைப் போல் ஒட்டிக்கொண்டிருந்தது. ரேடியோ பழுது பார்க்கும் பெரியவர் ஒருவர் அதைச் சுரண்டி எடுத்துவிட்டு, வேறு பட்டை மாட்டித் தந்தார். திருகாணியின் தலையில் பூசியிருந்த சிவப்பு வண்ணம் உடையாமல் இருப்பதைக் காட்டி, இதை யாரும் தொட்டதில்லை என்றார், நானும் தொடவில்லை.

முதலில் 1984 நாடாவையே போட்டேன். நாடாப்பெட்டி ஐயா சொன்னவாறு முன்னும் பின்னும் ஓடவிட்டு, அளவு பார்த்து, 24 பிட்டில் பிடித்தேன். அன்றிரவு அதே கைப்பேசியில், அதே எஸ்பிசி இயர்போனில் கேட்டேன். வலந்தலையில் ஒவ்வொரு சொல்லும் இடைவெளியோடு விழுகிறது. கைத்தாளத்தின் மணியோசை தட்டிய பின்னும் நின்று தேய்கிறது. அது தேய்ந்து முடிவதற்குள் அடுத்த தட்டு வருகிறது. எம்பி3 கோப்பில் ஒரு முறை கூடக் கேட்காத ஒன்றும் கேட்டது. மல்லாரி தொடங்குவதற்கு முன், மைக்குக்கு அருகில், "ம், ஆரம்பிச்சாச்சு" என்று தந்தையார் தமக்குத்தாமே மெதுவாகச் சொல்கிறார்.

இதுவரை ஒன்பது நாடாக்கள் முடிந்தன. பத்தாவது நாடாவின் இரண்டாம் பக்கத்தில் நாடா ஓரிடத்தில் மடிந்து கசங்கியிருக்கிறது. அதை ஓட்டாமல் தனியே எடுத்து வைத்திருக்கிறேன். நீவிச் சரிசெய்ய வழி உண்டா என்று நாடாப்பெட்டி ஐயா சொன்னால் நலம்.

நாடாப்பெட்டி

எடுத்து வைத்தது நல்லது, தாயே. ஓட்டாதீர்கள், சூடு காட்டவும் வேண்டாம். நாடாக் கூட்டின் மூலைகளில் திருகாணிகள் இருக்கின்றனவா, ஒட்டப்பட்டிருக்கிறதா என்று பார்த்து ஒரு படம் எடுத்துப் போடுங்கள். திருகாணி என்றால் நாடாவை வேறு கூட்டுக்கு மாற்றி, மடிப்பைத் துணியின் மேல் வைத்து விரல் முனையால் நீவலாம். ஒட்டியது என்றால் முறை வேறு.